உரிமம் ரத்தாகும் முன் உங்கள் பதிலைக் கேட்க வேண்டும்: சிறு வியாபாரிகள் அறிந்திருக்க வேண்டிய உரிமை

ஊராட்சி மன்றத்திலிருந்து கடைக்கு ஒரு கடிதம் வருகிறது. மேலே மன்றத்தின் சின்னம், அதன் கீழே தடித்த எழுத்தில் 'துஞ்சோக் செபாப்' என்ற இரண்டு சொற்கள், கடைசியில் 14 நாள் கெடு. கடைக்காரர் மேலோட்டமாகப் பார்த்துவிட்டு, "ஏதோ சம்மன் போலிருக்கிறது, வந்தால் கட்டிக்கொள்ளலாம்" என்று கல்லாப்பெட்டிக்குள் போட்டுவிடுகிறார். கெடு முடிகிறது. இரண்டாவது கடிதத்தில் உரிமம் ரத்து. அதற்குப் பிறகு கடிதம் வருவதில்லை. அமலாக்கப் பிரிவின் லோரிதான் வருகிறது.

"என்னை ஒரு வார்த்தை கூடக் கேட்கவில்லையே" என்பதுதான் உரிமத்தை இழந்தவர்கள் பலரின் முதல் ஆதங்கம். உண்மையில் அந்த முதல் கடிதமே கேள்வி. அதற்குப் பதில் எழுதியிருந்தால் அதுவே விசாரணை. மறுபக்கம், எந்தக் கடிதமும் வராமலேயே உரிமத்தைப் பறிகொடுப்பவர்களும் உண்டு. இந்த இரு தரப்பினரையும் சட்டம் வேறு வேறு விதமாகப் பார்க்கிறது. உணவுக்கடை, முடிதிருத்தும் நிலையம், பழைய இரும்புக் கடை, பள்ளி வேன் என்று ஏதோ ஓர் உரிமத்தை நம்பிப் பிழைக்கும் குடும்பங்கள் இந்த வேறுபாட்டைத் தெரிந்து வைத்திருப்பது நல்லது.

இயற்கை நீதி என்பது என்ன?

ஒருவருக்குப் பாதகமான முடிவை எடுக்கும் முன் அவர் தரப்பைக் கேட்க வேண்டும். முடிவெடுப்பவர் ஒருதலைச் சார்பு இல்லாதவராக இருக்க வேண்டும். இந்த இரண்டையும் சேர்த்துத்தான் சட்டத்தில் 'இயற்கை நீதி' என்கிறார்கள்.

தமிழர்களுக்கு இது புதிய செய்தி அல்ல. சிலப்பதிகாரத்தில் பாண்டிய மன்னன் பொற்கொல்லனின் சொல்லை மட்டும் கேட்டான், கோவலனைக் கேட்கவில்லை. சிலம்பின் உள்ளே இருந்தவை முத்தா மாணிக்கமா என்று உடைத்துப் பார்த்தது கோவலன் இறந்த பிறகுதான். குற்றம் தெளிவாகத் தெரிவதாக அதிகாரி நினைக்கும் வழக்கிலும் மறுதரப்பைக் கேட்டால் முடிவு மாறக்கூடும் என்பதே இந்த விதியின் அடிப்படை.

சலுகையா, உரிமையா?

"உரிமம் என்பது அரசாங்கம் கொடுக்கும் சலுகை. கொடுத்தவர் எடுத்துக்கொண்டால் கேள்வி கேட்க முடியாது." ஒரு காலத்தில் நீதிமன்றங்களே இப்படித்தான் சொல்லின.

அன்றைய சிலோனில், போர்க்காலக் கட்டுப்பாடுகளின்படி துணிகள் கூப்பனுக்கே விற்கப்பட்டன. கூப்பன் கணக்கில் முறைகேடு நடந்ததாகக் கூறி, நக்குடா அலி என்ற துணி வியாபாரியின் உரிமத்தைத் துணிக் கட்டுப்பாட்டு அதிகாரி ரத்து செய்தார். வழக்கு லண்டன் பிரிவி கவுன்சில் வரை போனது. அதிகாரி ஒரு சலுகையைத்தான் திரும்பப் பெறுகிறார், நீதிபதியைப்போல் விசாரிக்கும் கடமை அவருக்கு இல்லை என்று 1950-இல் தீர்ப்பு வந்தது. அப்போது மலாயாவுக்கும் கடைசி மேல்முறையீட்டு மன்றம் அதே பிரிவி கவுன்சில்தான். எனவே சிலோன் துணிக்கடைத் தீர்ப்பின் நிழல் இங்கேயும் விழுந்தது.

மாற்றம் 1963-இல் இங்கிலாந்தில் தொடங்கியது. பிரைட்டன் நகரக் காவல்துறைத் தலைவர் ரிட்ஜ் முறையாக விசாரிக்கப்படாமல் பதவிநீக்கம் செய்யப்பட்டது செல்லாது என்று பிரபுக்கள் சபை தீர்ப்பளித்தது. அந்தத் தீர்ப்பில் ரீட் பிரபு, நக்குடா அலி வழக்கின் தர்க்கத்தை நேரடியாகவே குறை கூறினார்.

மலேசியாவில் இதைத் தெளிவாக நிலைநாட்டியது 1977-ஆம் ஆண்டின் ஹோ குவான் செங் வழக்கு. சுங்க முகவராகச் செயல்பட ஒருவருக்கு வழங்கப்பட்டிருந்த அனுமதியைச் சுங்கத்துறை அவர் தரப்பைக் கேட்காமல் ரத்து செய்தது. கூட்டரசு நீதிமன்றத்தில் தீர்ப்பு எழுதியவர் ராஜா அஸ்லான் ஷா. பின்னாளில் பேராக் சுல்தானாகவும் நாட்டின் மாமன்னராகவும் இருந்தவர். நிர்வாக முடிவு ஒன்றால் ஒருவர் பாதிக்கப்படுகிறார் என்றால் அவரைக் கேட்க வேண்டும். அந்த முடிவுக்கு என்ன பெயர் சூட்டப்பட்டாலும் சரி, விசாரணை வேண்டும் என்று சட்டத்தில் எழுதப்படாமல் இருந்தாலும் சரி என்பதே தீர்ப்பின் சாரம். சட்டம் பேசாமல் இருக்கும் இடத்தில் இயற்கை நீதி பேசும்.

'காரணம் கூறாமல் ரத்து செய்யலாம்' என்றால்?

ஊராட்சி மன்ற உரிமங்களுக்கு அடிப்படை 1976-ஆம் ஆண்டு ஊராட்சிச் சட்டம். அதன் 107-ஆவது பிரிவைப் படிப்பவருக்கு முதலில் மனம் தளரும். உரிமத்தை மன்றம் எந்நேரமும் காரணம் கூறாமல் ரத்து செய்யலாம். ரத்தானால் நஷ்டஈடு கிடையாது. புதுப்பிக்க மறுப்பதற்கும் காரணம் சொல்ல வேண்டியதில்லை. எல்லாம் அந்த ஒரே பிரிவில் இருக்கின்றன.

ஆனால், 'காரணம் கூறாமல்' என்பதும் 'தரப்பைக் கேட்காமல்' என்பதும் ஒன்றல்ல. முதலாவது, முடிவெடுத்த பிறகு மன்றம் விளக்கம் தர வேண்டுமா என்பதைப் பற்றியது. இரண்டாவது, முடிவெடுக்கும் முன் உரிமதாரரிடம் பேச வேண்டுமா என்பதைப் பற்றியது. கேட்க வேண்டியதில்லை என்று 107-ஆவது பிரிவு சொல்லவில்லை. ஹோ குவான் செங் தீர்ப்பை இங்கே பொருத்திப் பார்த்தால், வியாபாரியின் தரப்பில் வலுவான வாதம் இருக்கிறது. மன்றங்கள் பல, ரத்து செய்யும் முன் துஞ்சோக் செபாப் கடிதம் அனுப்புவதும் இதனால்தான். அது மன்றம் காட்டும் கருணை அல்ல. நீதிமன்றத்தில் தன் முடிவு நிற்க வேண்டும் என்ற முன்னெச்சரிக்கை.

'கேட்பது' என்பதில் என்ன அடங்கும்?

முதலாவது, என்ன குற்றச்சாட்டு என்பது தெரிய வேண்டும். இதற்கு அடித்தளமிட்டது மலாயாவில் நடந்த வழக்கு. சுரிந்தர் சிங் காண்டா என்ற காவல்துறை இன்ஸ்பெக்டர் மீது ஒழுங்கு விசாரணை நடந்தது. விசாரித்த அதிகாரியின் கையில் அவரைக் குறைகூறும் அறிக்கை ஒன்று இருந்தது. அதை இன்ஸ்பெக்டரிடம் காட்டவில்லை. 1962-இல் பிரிவி கவுன்சில் அவருடைய பதவிநீக்கம் செல்லாது என்றது. தனக்கு எதிராக என்ன சொல்லப்பட்டிருக்கிறது என்று தெரியாதவர் எப்படித் தன்னைத் தற்காத்துக்கொள்ள முடியும் என்பதுதான் கேள்வி. "நிபந்தனைகளை மீறியுள்ளீர்கள்" என்று மட்டும் ஒரு கடிதம் சொன்னால், எந்த நிபந்தனை, எந்தத் தேதியில், யார் பார்த்தது என்று எழுதிக் கேட்க உரிமதாரருக்கு நியாயம் உண்டு.

இரண்டாவது, பதில் சொல்ல நியாயமான அவகாசம். இன்று கடிதம் கொடுத்து நாளை பதில் கேட்பது பெயருக்குத்தான் வாய்ப்பு.

மூன்றாவது, அந்தப் பதிலைப் பொருட்படுத்த வேண்டும். முடிவை ஏற்கெனவே எடுத்துவிட்டுக் கடிதம் அனுப்புவது விசாரணை ஆகாது.

பலர் தவறாக நினைத்துக்கொள்ளும் ஒன்றும் இங்கே உண்டு. 'விசாரணை' என்றால் மேசைக்கு முன்னால் உட்கார்ந்து பேசுவது என்று எண்ணி, அழைப்பு வரும் வரை காத்திருக்கிறார்கள். நேரில் பேச வைக்க வேண்டும் என்ற கட்டாயம் எல்லா நேரத்திலும் இல்லை. அரசு ஊழியர் ஒழுங்கு நடவடிக்கை தொடர்பான நஜார் சிங் வழக்கில், நியாயமான வாய்ப்பு என்பது வாய்மொழி விசாரணையாகத்தான் இருக்க வேண்டும் என்பதில்லை என்று பிரிவி கவுன்சில் 1970-களில் கூறியது. எழுத்து மூலம் கேட்டு, எழுத்து மூலம் பதில் பெற்றாலே போதுமானதாக இருக்கலாம். எனவே துஞ்சோக் செபாப் கடிதத்துக்கு நீங்கள் எழுதும் பதில்தான் உங்களுக்குக் கிடைக்கும் ஒரே மேடையாக இருக்கக்கூடும்.

சட்டமே வாயிலை அடைக்கும் இடங்கள்

சட்டம் பேசாமல் இருந்தால் இயற்கை நீதி பேசும் என்றோம். சட்டம் வெளிப்படையாகவே "கேட்க வேண்டியதில்லை" என்று சொன்னால் நிலைமை வேறு. குடிநுழைவுச் சட்டம் இதற்கு உதாரணம்.

1986-இல் கோலாலம்பூரில் பணியாற்றிய அமெரிக்கப் பத்திரிகையாளர் பெர்தெல்சனின் வேலை பெர்மிட், காலாவதியாகும் முன்பே ரத்து செய்யப்பட்டது. அவர் தரப்பைக் கேட்கவில்லை. அன்று நாட்டின் உச்ச நீதிமன்றமாக இருந்த அமர்வு அந்த ரத்தைத் தள்ளுபடி செய்தது. பெர்மிட்டில் குறிப்பிட்ட காலம் முழுவதும் இருக்கலாம் என்று அவர் எதிர்பார்ப்பதில் நியாயம் உண்டு. அதை இடையில் பறிப்பதென்றால் கேட்டிருக்க வேண்டும் என்பது அதன் முடிவு.

ஆனால் இன்றைய குடிநுழைவுச் சட்டத்தின் 59-ஆவது பிரிவு, அச்சட்டத்தின் கீழ் உத்தரவு பிறப்பிக்கும் முன் யாருக்கும் பேச வாய்ப்பளிக்க வேண்டியதில்லை என்று நேராகவே சொல்கிறது. நீதிமன்றத்தின் மறுஆய்வையும் 59ஏ பிரிவு குறுக்குகிறது. சபாவில் தொழில் செய்துவந்த வழக்கறிஞர் ஒருவரின் நுழைவு அனுமதி ரத்தான வழக்கில், மேல்முறையீட்டு நீதிமன்றம் அவருக்குச் சாதகமாகத் தீர்ப்பளித்தும், 2002-இல் கூட்டரசு நீதிமன்றம் அதை மாற்றியது. நாடாளுமன்றம் தெளிவான சொற்களில் அடைத்த கதவை நீதிமன்றம் திறக்க முடியாது என்பது அதன் நிலை. வெளிநாட்டுத் தொழிலாளர்களின் பெர்மிட்டை நம்பியிருக்கும் உணவக உரிமையாளர்கள், கடை உரிமத்துக்கு உள்ள பாதுகாப்பு இங்கேயும் இருக்கும் என்று எண்ணிவிடக் கூடாது.

அடைக்கப்பட்ட கதவை நாடாளுமன்றமே திறந்ததும் உண்டு. 1987 அக்டோபரில் தி ஸ்டார், சின் சியூ ஜிட் போ, வத்தான் ஆகிய மூன்று நாளேடுகளின் உரிமம் பறிக்கப்பட்டதைப் பழைய வாசகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். அச்சகங்கள், வெளியீடுகள் சட்டம் 2012-இல் திருத்தப்பட்டபோது, உரிமத்தை ரத்து செய்யும் அல்லது நிறுத்திவைக்கும் முன் உரிமதாரருக்குப் பேச வாய்ப்பளிக்க வேண்டும் என்று 13பி பிரிவு சேர்க்கப்பட்டது.

ஆகவே முதலில் கேட்க வேண்டிய கேள்வி இது: உங்கள் உரிமம் எந்தச் சட்டத்தின் கீழ் வழங்கப்பட்டது? உரிமத் தாளிலோ மன்றத்தின் கடிதத்திலோ சட்டத்தின் பெயரும் பிரிவின் எண்ணும் இருக்கும். வழக்கறிஞர் முதலில் தேடுவது அதைத்தான்.

புது விண்ணப்பம், புதுப்பிப்பு, ரத்து

மூன்றும் ஒன்றல்ல. ஆங்கிலேயக் குத்துச்சண்டை நிர்வாகி உரிமம் பற்றிய 1978-ஆம் ஆண்டு வழக்கு ஒன்றில் நீதிபதி மெகாரி வகுத்த பிரிவுகள் காமன்வெல்த் நாடுகளில் இன்றும் எடுத்தாளப்படுகின்றன. கையில் இருப்பதைப் பறித்தால் பாதுகாப்பு மிக அதிகம். புதிதாகக் கேட்டு மறுக்கப்பட்டால் மிகக் குறைவு. அதிகாரி நேர்மையாகவும் ஒருதலைச் சார்பின்றியும் நடந்துகொண்டால் போதும். புதுப்பிப்பு நடுவில் நிற்கிறது. பல ஆண்டுகள் தொடர்ந்து புதுப்பிக்கப்பட்ட உரிமம் இந்த ஆண்டும் புதுப்பிக்கப்படும் என்று எதிர்பார்ப்பதில் நியாயம் உண்டு.

இதிலிருந்து ஒரு நடைமுறைப் பாடம் கிடைக்கிறது. புதுப்பிக்கும் தேதியைத் தவறவிட்டு, பிறகு புதிதாக விண்ணப்பிப்பவர் தன் வலுவான இடத்தைத் தானே விட்டுக்கொடுக்கிறார்.

உடனடியாக மூடினால்?

பொதுமக்களின் உடல்நலம் ஆபத்தில் இருக்கும்போது முதலில் கேட்டுவிட்டுத்தான் செயல்பட வேண்டும் என்று யாரும் சொல்ல மாட்டார்கள். 1983-ஆம் ஆண்டு உணவுச் சட்டத்தின் 11-ஆவது பிரிவின்படி, சுகாதாரமற்ற உணவு வளாகத்தை 14 நாள் வரை மூட உத்தரவிடலாம். எலி எச்சம், கரப்பான்பூச்சி என்று செய்திகளில் வரும் மூடல்கள் பெரும்பாலும் இந்த வகையே. இது தற்காலிக மூடல். உரிம ரத்து அல்ல. மூடலோடு சேர்த்து உரிமத்தையும் ரத்து செய்யப் போவதாகச் சொன்னால், அது தனி முடிவு. அதற்குத் தனியாகப் பதில் சொல்லும் வாய்ப்பைக் கேட்கலாம்.

உரிமம் யார் பெயரில் இருக்கிறது?

நம் சமூகத்தில் அடிக்கடி சறுக்கும் இடம் இதுதான். அண்ணன் பெயரில் உரிமம், தம்பி நடத்தும் கடை. அல்லது உரிமத்தை மாத வாடகைக்கு எடுத்து நடத்தும் ஒட்டுக்கடை. உரிமத்தை வாடகைக்கு விடுவதே ரத்துக்கான காரணங்களில் ஒன்று. அதோடு, ரத்தானால் முறையிடும் உரிமையும் கடையை நடத்துபவருக்கு இல்லாமல் போகலாம்.

யாழ்ப்பாண மாநகர சபை 1966-இல் அமைச்சரால் கலைக்கப்பட்டபோது இதே பிரச்சினை எழுந்தது. அன்றைய மேயர் துரையப்பா பிரிவி கவுன்சில் வரை சென்றார். கலைக்கும் முன் சபையைக் கேட்டிருக்க வேண்டும் என்று பிரிவி கவுன்சில் ஒப்புக்கொண்டது. ஆனால் பாதிக்கப்பட்டது சபை. முறையிட வேண்டியதும் சபையே. மேயர் தன் பெயரில் முறையிட முடியாது என்று அவருடைய வழக்கைத் தள்ளிவிட்டது. விசாரிக்கவில்லை என்பது உண்மையாக இருந்தும் வழக்குத் தோற்றது, கேட்டவர் சரியான ஆள் அல்ல என்பதால்.

கடிதம் வந்தால் செய்ய வேண்டியவை

• உறையைத் தூக்கிப் போட வேண்டாம். கடிதத்தில் உள்ள தேதியும், கையில் கிடைத்த தேதியும் வேறாக இருக்கலாம். கிடைத்த தேதியைக் கடிதத்தின் மேலேயே எழுதி வையுங்கள்.

• மலாய் நன்றாகத் தெரிந்த ஒருவரிடம் அன்றைக்கே படிக்கக் கொடுங்கள். எந்தச் சட்டம், எந்தப் பிரிவு, என்ன குற்றச்சாட்டு, கெடு எப்போது என்ற நான்கையும் குறித்துக்கொள்ளுங்கள்.

• குற்றச்சாட்டு தெளிவில்லை என்றால் விவரமும், அவகாசம் போதாது என்றால் கூடுதல் நாளும் எழுத்து மூலம் கேளுங்கள். முகப்பில் இருக்கும் அதிகாரியிடம் வாயால் சொன்னதற்குச் சாட்சி இல்லை.

• பதிலில் குற்றச்சாட்டுகளை ஒவ்வொன்றாக எடுத்து எழுதுங்கள். செய்யாததை மறுங்கள். தவறு நடந்திருந்தால் அதைச் சரிசெய்ததற்கான ரசீது, படம் ஆகியவற்றை இணையுங்கள். எத்தனை ஆண்டுகளாக நடத்துகிறீர்கள், எத்தனை பேர் அதை நம்பியிருக்கிறார்கள் என்பதையும் சொல்லுங்கள். நேரில் விளக்க விரும்பினால் அதையும் எழுதிக் கேளுங்கள்.

• நேரில் கொடுத்தால் நகலில் பெற்றுக்கொண்டதற்கான முத்திரை வாங்குங்கள். தபாலில் அனுப்பினால் பதிவுத் தபால்.

• முகவரியைச் சரிபாருங்கள். தோட்டத்து லயத்தில் இருந்தபோது எடுத்த உரிமத்தில் தோட்ட அலுவலக முகவரியே இன்னும் இருக்கலாம். வீடு தாமானுக்கு மாறியிருக்கும். கடிதம் தோட்டத்திலேயே கிடக்கும். மன்றமோ "அனுப்பினோம்" என்று கோப்பைக் காட்டும். வீடு மாறினால் உரிமப் பிரிவுக்கும் தெரிவிக்க வேண்டும்.

ரத்தான பிறகு: மூன்று மாதக் கணக்கு

ரத்துக் கடிதம் வந்துவிட்டால், அந்தச் சட்டத்தில் மேல்முறையீட்டுக்கு வழி இருக்கிறதா என்று முதலில் பார்க்க வேண்டும். இல்லையென்றால் உயர்நீதிமன்றத்தில் நீதித்துறை மறுஆய்வு கோரலாம். இதற்கான விதி 2012-ஆம் ஆண்டு நீதிமன்ற விதிகளின் 53-ஆவது கட்டளை.

முதலில் நீதிமன்றத்தின் அனுமதி பெற வேண்டும். முடிவு முதன்முதலில் உங்களுக்குத் தெரிவிக்கப்பட்ட நாளிலிருந்து 3 மாதத்துக்குள் விண்ணப்பிக்க வேண்டும். தக்க காரணம் இருந்தால் நீதிமன்றம் காலத்தை நீட்டிக்கலாம். அதை நம்பியிருக்கக் கூடாது. சட்டமன்ற உறுப்பினரைப் பார்ப்பதும், மன்ற உறுப்பினர் மூலம் மனுக் கொடுப்பதும், மறுபரிசீலனை கேட்டுக் கடிதம் எழுதுவதும் தவறில்லை. ஆனால் இவை எதுவும் அந்த 3 மாதக் கணக்கை நிறுத்தாது. "அடுத்த கூட்டத்தில் பேசுகிறேன்" என்ற வாக்குறுதியை நம்பிக் காத்திருக்கும்போதே கெடு கடந்துவிடலாம்.

அனுமதி கிடைத்தாலும் கடையை உடனே திறந்துவிட முடியாது. நீதிபதி தனியாக உத்தரவிட்டால்தான் ரத்து நிறுத்திவைக்கப்படும். அதையும் விண்ணப்பத்தில் கேட்க வேண்டும்.

வெற்றி பெற்றால் என்ன கிடைக்கும் என்பதிலும் தெளிவு வேண்டும். நீதிமன்றம் பார்ப்பது முடிவு எடுக்கப்பட்ட முறையை. முறை தவறு என்றால் ரத்தை ரத்து செய்யும். அதன் பிறகு மன்றம் முறைப்படி கேட்டு, மீண்டும் அதே முடிவுக்கு வரவும் கூடும். செலவையும் பலனையும் எடைபோட்டே இறங்க வேண்டும். வழக்கறிஞர் கட்டணம் சுமையாகத் தோன்றினால், மாநிலங்களில் உள்ள வழக்கறிஞர் மன்றத்தின் சட்ட உதவி மையங்களில் முதலில் ஆலோசனை கேட்கலாம். போகும்போது உரிமம், வந்த கடிதங்கள், எழுதிய பதில்களின் நகல், ரசீதுகள் எல்லாவற்றையும் கொண்டு செல்ல வேண்டும்.

சிலோன் துணி வியாபாரிக்கு 1950-இல் கிடைக்காத உரிமை, 1977 முதல் இந்நாட்டு உரிமதாரர்களுக்கு இருக்கிறது. கெடு தேதி கடந்த பிறகு "என்னைக் கேட்கவில்லை" என்று சொன்னால், மன்றம் தன் கோப்பிலிருந்து எடுத்துக் காட்டப்போவது கல்லாப்பெட்டிக்குள் போன அந்த முதல் கடிதத்தின் நகலைத்தான். அதற்கு அருகில் உங்கள் பதிலும் இருக்க வேண்டும்.